இருகளம் கண்ட கோபாலன்

பழைய செங்கற்பட்டு மாவட்டத்தை ஏரிகளின் நாடு என்று கூறுவதுண்டு. மதுராந்தகம், உத்திரமேரூர், தென்னேரி, செம்பரம்பாக்கம் என ஊருக்கு ஊர் ஏரி விரிந்து கிடக்கும். கார்த்திகையில் கரை ததும்ப நிற்கும் நீர், சித்திரையும் வைகாசியும் வந்தால் வற்றிவிடும். அறுவடை முடிந்து வயலும் காய்ந்து, ஏரியும் வறண்ட அக்காலத்தில், அந்நிலப்பரப்பே ஊர்ச் சிறுவர்க்கு ஆடுகளமாகும். காஞ்சிபுரத்திலிருந்து உத்திரமேரூர்ச் சாலை வழியே தெற்கு நோக்கிச் செல்வோர், ஓரிக்கையைக் கடந்து பாலாற்றை அடைவர். அவ்வாற்றங்கரை வெளிகளில் மூன்று குச்சிகளை நட்டு, கைக்குக் கிடைத்த பலகையை மட்டையாகக் கொண்டு, மாலை மங்கும்வரை பந்தாடும் சிறுவர்களை இன்றும் காணலாம்.

ஓரிக்கை என்னும் பெயருக்கு அவ்வூரார் ஒரு காரணம் கூறுவர். பல்லவ மன்னன் சினந்து நாடு கடத்திய கணிகண்ணன், காஞ்சியை விட்டு வெளியேறினான். அவனுடன் அவன் ஆசிரியராகிய திருமழிசையாழ்வாரும், அவர் வேண்டுகோளுக்கிணங்கத் திருவெஃகாப் பெருமாளும் புறப்பட்டனராம். அன்றிரவு அவர்கள் தங்கிய இடமே ஓரிரவு இருக்கை எனப்பட்டு, பின்னர் ஓரிக்கை என மருவிற்று என்பர். தங்கியது ஓர் இரவே. எனினும் பெயர் நூற்றாண்டுகளைக் கடந்து நிலைத்துவிட்டது. விளையாட்டு உலகிலும் இதனையொத்த செய்தி ஒன்று உண்டு. இதே மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றிற் பிறந்த ஒருவர், இந்தியாவிற்காக ஒரே ஒரு டெஸ்ட் ஆட்டமே ஆடினார். ஆயினும் அவர் பெயர் நம் நாட்டு விளையாட்டு வரலாற்றில் நீங்கா இடம் பெற்றுள்ளது. அவரே எம். ஜே. கோபாலன் ஆவார்.

அவர் பெயரின் முதலெழுத்து அவர் பிறந்த ஊராகிய மொறப்பாக்கத்தைக் குறிக்கும். தம் ஊரின் பெயரைத் தம் பெயருக்கு முன் சூட்டிக்கொள்வது தமிழ்நாட்டு வழக்கம். அவ்வழக்கத்தின் பயனாக, செங்கற்பட்டு மாவட்டத்து ஒரு குக்கிராமத்தின் முதலெழுத்து, கல்கத்தாவிலும் இலண்டனிலும் நியூசிலாந்திலும் அச்சிடப்பெற்ற ஆட்டக்காரர் பட்டியல்களில் ஏறியது. கோபாலன் 1909-ஆம் ஆண்டு ஜூன் 6-ஆம் நாள் பிறந்தார் என்பது பதிவேட்டுச் செய்தி. இளமையிலேயே அவர்தம் குடும்பம் சென்னைக்குக் குடிபெயர்ந்து, திருவல்லிக்கேணியில் வாழத் தொடங்கிற்று. திருவல்லிக்கேணிக்கும் சேப்பாக்கம் ஆடுகளத்திற்கும் இடையே உள்ள தொலைவு, ஒரு சிறுவன் நடந்தே சென்று மீளத்தக்கது. கோபாலனின் வாழ்க்கைப் போக்கை அறுதியிட்டதில் இச்சிறு தொலைவிற்கும் பங்குண்டு.

அக்காலச் சேப்பாக்கத்தின் நிலையை ஈண்டு அறிந்துகொள்ளுதல் நன்று. சென்னைக் கிரிக்கெட் கழகம் 1846-ஆம் ஆண்டு ஆங்கிலேயரால் தொடங்கப்பெற்றது. சேப்பாக்கம் திடல் அக்கழகத்தின் வசம் இருந்தது. இந்தியர் அங்கு ஆட அழைக்கப்பெற்றாலும், களத்தருகே இருந்த மாளிகையுள் அமர உரிமை பெற்றாரில்லை. வெயிலில் ஆடிக் களைத்தவர் மரத்தடியில் அமர்ந்தே உண்ண வேண்டியிருந்தது. இவ்விழிவைப் பொறாத புச்சி பாபு நாயுடு என்னும் செல்வர், இந்தியர்க்கெனச் சென்னை ஐக்கிய கழகத்தைத் தோற்றுவித்தார். இளைஞர்களுக்குத் தம் செலவில் மட்டையும் பந்தும் வாங்கி அளித்தார். ஐரோப்பியரும் இந்தியரும் சம உரிமையுடன் எதிர்நின்று ஆடும் ஆண்டுப் போட்டி ஒன்று வேண்டும் என்பது அவர் விருப்பம். 1908-ஆம் ஆண்டு அவர் காலமானார். ஆயினும் அவர் விதைத்த விதை முளைத்தது. பொங்கல் நாட்களில் சேப்பாக்கத்தில் நடைபெற்ற இராசதானிப் போட்டி, சென்னை நகரின் பெருவிழாக்களுள் ஒன்றாயிற்று. கரும்பும் மஞ்சளும் வாங்கிய கையோடு மக்கள் திரளாகச் சென்று, தம்மவர் வெள்ளையரை வெல்வரோ எனக் காத்திருந்த காலம் அது. அரசியல் மேடையில் பேச அஞ்சியவரும், ஆடுகளத்தின் எல்லைக் கோட்டருகே நின்று உரக்க ஆர்ப்பரிக்கத் தடையில்லை அன்றோ!

அத்தகைய சூழலில் வளர்ந்த கோபாலன், விரைவாகப் பந்து வீசுவதில் தேர்ச்சி பெற்றார். அவர் மிக வேகமாக வீசியவர் அல்லர். நடுத்தர வேகத்திற்குச் சற்று மேற்பட்ட வேகமே அவருடையது. புதிய பந்தில் தையல் மேடிட்டு நிற்கும். ஒருபுறம் பளபளப்பு மாறாதிருக்கும். தையலைச் சாய்த்துப் பிடித்து வீசினால், பந்து காற்றில் செல்லும்போதே வளைந்து திரும்பும். நேரே வருவதாக எண்ணி மட்டையை நீட்டியவன், பந்து விலகிச் செல்வதைக் கண்டு திகைப்பான். மட்டையின் ஓரத்தில் பட்ட பந்து பின்னே நிற்பவர் கையில் விழும். பந்து பழகிப் போவதற்கு முன் கிடைக்கும் சில ஓவர்களுக்குள் இதனைச் செய்து முடித்தாக வேண்டும். ஆகவே, முதற்பந்தை வீசுபவன் மீது அணியின் நம்பிக்கை முழுவதும் தங்கியிருக்கும். கோபாலன் பல ஆண்டுகள் சென்னைக்கு அப்பணியை ஆற்றினார். மட்டை ஆட்டத்திலும் அவர் வல்லவர். முதல்தர ஆட்டங்களில் ஏறத்தாழ 2,900 ஓட்டங்கள் எடுத்தவரை வெறும் பந்து வீச்சாளர் என்று தள்ளிவிட இயலாது.

இவ்விளைஞரின் திறமையைக் கண்டறிந்தவர் சி. பி. ஜான்ஸ்டன் என்னும் ஆங்கிலேயர். அவர் சென்னையில் பர்மா ஷெல் நிறுவனத்தில் உயர்பதவி வகித்தவர். தாமே சிறந்த மட்டையாளர். இராசதானிப் போட்டியில் எதிரணியில் நின்று ஆடியவரே, கோபாலனுக்குத் தம் நிறுவனத்தில் வேலை கிடைக்கவும் துணைபுரிந்தார். இஃது ஒரு சிறு உதவியன்று. அந்நாளில் இந்தியாவில் விளையாட்டை நம்பி எவரும் பிழைத்தல் இயலாது. அரசர்களின் ஆதரவில் வாழ்ந்தோர் சிலர் இருந்தனர். ஏனையோர் அலுவலகத்தில் எழுத்துப்பணி செய்தே வயிறு வளர்த்தனர். ஆட்டம் என்பது ஓய்வு நேரத்திற்கு உரியதாகவே கருதப்பெற்றது.

1933-ஆம் ஆண்டின் இறுதியில், டக்ளஸ் ஜார்டின் தலைமையில் இங்கிலாந்து அணி இந்தியாவிற்கு வந்தது. இந்திய மண்ணில் நடைபெற்ற முதல் டெஸ்ட் தொடர் அதுவே. பம்பாயில் முதல் ஆட்டம் முடிந்தபின், இரண்டாவது ஆட்டம் 1934-ஆம் ஆண்டு ஜனவரி 5-ஆம் நாள் கல்கத்தாவில் தொடங்கிற்று. சி. கே. நாயுடு தலைமை தாங்கிய இந்திய அணியில் கோபாலன் இடம்பெற்றார். அவ்வாட்டத்தில் திலாவர் ஹுசேன் என்பவர் தலையில் பந்து பட்டுக் காயமுற்றும், கட்டுடன் மீண்டு வந்து மட்டை பிடித்து, இரண்டு முறையும் ஐம்பதுக்கு மேல் எடுத்தார். கோபாலன் முதன்முறை ஆட்டமிழக்காமல் 11 ஓட்டங்களும், மறுமுறை 7 ஓட்டங்களும் எடுத்தார். 39 ஓட்டங்கள் கொடுத்து ஒரு விக்கெட்டை வீழ்த்தினார். மூன்று பந்துகளைப் பிடித்தார். ஆட்டம் வெற்றி தோல்வியின்றி முடிந்தது. பெரும்புகழ் பெறத்தக்க செயல் என்று இதனைக் கூற இயலாது, பழிக்கத்தக்கதும் அன்று. முதல் ஆட்டத்தில் இவ்வளவு செய்தவருக்கு மறுவாய்ப்பு அளித்தல் முறையே ஆகும்.

மூன்றாம் டெஸ்ட் ஆட்டம் பிப்ரவரி மாதத்தில் நடைபெற்றது. நடைபெற்ற இடமோ சேப்பாக்கம். கோபாலன் சிறுவயது முதல் நடந்து பழகிய அத்திடலில், தம் ஊர் மக்கள் கண்முன் ஆடும் பேறு அவருக்குக் கிட்டவில்லை. அணியில் அவர் பெயர் இல்லை. அமர்சிங் 86 ஓட்டங்களுக்கு ஏழு விக்கெட்டுகளை வீழ்த்தி அரிய செயல் புரிந்தும், இந்தியா அவ்வாட்டத்தில் 202 ஓட்டங்களில் தோற்றது. அதன்பின் கோபாலன் எந்த டெஸ்ட் ஆட்டத்திலும் ஆடவில்லை என்பதை அன்று எவரும் அறிந்திருக்க முடியாது.

அவ்வாண்டிலேயே மற்றொரு வாயில் திறந்தது. மறைந்த ரஞ்சித்சிங்கின் நினைவாக, மாகாணங்களுக்கும் சமஸ்தானங்களுக்கும் இடையே ரஞ்சிக் கோப்பைப் போட்டி 1934-ஆம் ஆண்டு தொடங்கப்பெற்றது. அதன் முதல் ஆட்டம் நவம்பர் 4-ஆம் நாள் சேப்பாக்கத்தில் சென்னைக்கும் மைசூருக்கும் இடையே நிகழ்ந்தது. சென்னை அணியின் தலைவர் ஜான்ஸ்டன். புதிய பந்து கோபாலனிடம் கொடுக்கப்பட்டது. எதிரே மட்டையுடன் நின்றவர் மைசூரின் கர்ட்டிஸ். கோபாலன் ஓடிவந்து வீசிய அப்பந்தே ரஞ்சிக் கோப்பையின் முதற்பந்து. அன்று தொடங்கி எத்தனையோ இலட்சம் பந்துகள் அப்போட்டியில் வீசப்பட்டுவிட்டன. அவை அனைத்திற்கும் தலைப்பந்து மொறப்பாக்கத்தார் கையிலிருந்து புறப்பட்டதே.

அவ்வாட்டம் மூன்று நாட்களுக்கென வகுக்கப்பெற்றது. நடந்ததோ வேறு. மைசூர் 48 ஓட்டங்களில் சுருண்டது. சென்னை 130 ஓட்டங்கள் எடுத்தது. மைசூர் மீண்டும் ஆடி 59 ஓட்டங்களில் முடிந்தது. ஒரே பகலில் ஆட்டம் நிறைவுற்றது. சென்னை ஓர் இன்னிங்ஸ் வெற்றி பெற்றது. அவ்வெற்றியின் நாயகர் ஏ. ஜி. ராம்சிங். இடக்கையால் சுழற்பந்து வீசிய அவர், இரு முறையும் சேர்த்து 35 ஓட்டங்களுக்குப் பதினொரு விக்கெட்டுகளை வீழ்த்தினார். கோபாலனும் ராம்சிங்கும் நெடுங்காலம் சென்னை அணியைத் தாங்கிய இரு தூண்களாக விளங்கினர். ராம்சிங்கிற்கு ஒரு டெஸ்ட் ஆட்டம்கூடக் கிட்டவில்லை. அவர்தம் மைந்தர் கிருபால்சிங்கும் மில்காசிங்கும் பிற்காலத்தில் இந்தியாவிற்காக ஆடினர். நடுவண் களத்திற்குத் தொலைவில் வாழ்ந்த வீரர்க்கு வாய்ப்பு அரிதாயிருந்த காலம் அது என்பதை இவ்விருவர் வாழ்வும் காட்டும்.

இதுவரை கூறியது கோபாலன் வாழ்வில் ஒரு பாதியே. மறுபாதி ஹாக்கி ஆட்டத்தில் அடங்கியுள்ளது. மழைக்காலம் முடிந்தபின் மட்டையும், அதற்குரிய பருவம் வந்தபோது வளைகோலுமாக அவர் இரு கருவிகளையும் மாறி மாறி ஏந்தினார். இரண்டும் பந்தாட்டமே எனினும், உடலுக்கு இடும் வேலை வேறு. கிரிக்கெட்டில் வீரன் நிமிர்ந்து நிற்பான், நெடுநேரம் காத்திருப்பான், ஒரு நொடியில் முழு ஆற்றலையும் செலவிடுவான். ஹாக்கியிலோ அந்நாளில் குனிந்த உடலுடன் எழுபது நிமிடம் ஓடுதல் வேண்டியிருந்தது. காத்திருத்தல் என்பதே இல்லை. கிரிக்கெட் மட்டையின் இருபுறமும் அடிக்கலாகாது என்னும் விதி இல்லை. ஹாக்கிக் கோலின் தட்டைப்பகுதி ஒன்றே பந்தைத் தீண்டலாம். ஒன்றில் பழகிய மணிக்கட்டு மற்றொன்றில் தடுமாறும் என்று அஞ்சுவோர் பலர். கோபாலனுக்கு அத்தடுமாற்றம் நேரவில்லை.

1935-ஆம் ஆண்டு இந்திய ஹாக்கி அணி, தியான் சந்தின் தலைமையில் நியூசிலாந்துக்கும் ஆஸ்திரேலியாவிற்கும் சென்றது. 1928-இலும் 1932-இலும் ஒலிம்பிக் பந்தயத்தில் தங்கம் வென்ற நாட்டின் அணி அது. அவ்வணியில் கோபாலனும் ஒருவர். 48 ஆட்டங்கள் ஆடிய அவ்வணி, அத்தனையிலும் வென்றது. அடித்த கோல்கள் 584. தியான் சந்த் ஒருவர் மட்டும் 201 கோல்கள் அடித்தார். அடிமை நாட்டினர் எனப் பெயர் பெற்றவர்கள், கப்பலேறிச் சென்று ஊர்தோறும் வென்று மீண்டனர். கிரிக்கெட்டில் இந்தியா அந்நாளில் ஒரு டெஸ்ட் ஆட்டத்திலேனும் வென்றதில்லை. முதல் வெற்றி 1952-ஆம் ஆண்டே வந்தது, அதுவும் சேப்பாக்கத்தில். ஹாக்கியிலோ இந்தியாவிற்கு உலகில் நிகரில்லை. இவ்வேறுபாட்டை மனத்திற்கொண்டால்தான் அடுத்து வருவதன் கடுமை விளங்கும்.

1936-ஆம் ஆண்டு பிறந்தது. அவ்வாண்டு வேனிற்காலத்தில் இந்தியக் கிரிக்கெட் அணி இங்கிலாந்து செல்ல இருந்தது. அதே வேனிற்காலத்தில் பெர்லின் நகரில் ஒலிம்பிக் பந்தயம். ஹாக்கி அணியைத் தேர்ந்தெடுக்கும் சோதனை ஆட்டத்திற்குக் கோபாலன் அழைக்கப்பட்டார். கிரிக்கெட் அணியிலும் அவருக்கு இடம் இருந்தது. கிரிக்கெட் அணி வேனில் தொடக்கத்திலேயே இங்கிலாந்தில் இருந்தாக வேண்டும். செப்டம்பர் வரை அங்கேயே ஆட வேண்டும். ஹாக்கி அணி ஜூன் இறுதியில் பம்பாயிலிருந்து கப்பலேறும். ஒருவர் இரண்டிலும் ஆடுவதற்கு வழியே இல்லை. ஒன்றைப் பற்றினால் மற்றொன்றை விட்டே ஆகவேண்டும்.

இருபத்தேழாம் அகவையை எட்டும் இளைஞர் முன் இரு பாதைகள் பிரிந்து நின்றன. ஹாக்கிப் பாதையில் தங்கப் பதக்கம் கிட்டுதல் ஏறத்தாழ உறுதி. எனினும் சோதனை ஆட்டத்தில் வென்று அணியில் இடம்பெறுதல் வேண்டும். கிரிக்கெட் பாதையில் இடம் உறுதி, வெற்றி உறுதியன்று. அக்காலத்தில் இங்கிலாந்து சென்று கிரிக்கெட் ஆடுவதே ஓர் இந்திய வீரர் அடையத்தக்க உச்சப் பெருமை எனக் கருதப்பட்டது. விட்டுப்போன டெஸ்ட் இடத்தை மீண்டும் பெறும் வாய்ப்பும் அங்கேயே இருந்தது. கோபாலன் கிரிக்கெட்டைத் தேர்ந்தார். பின்னாளில் நிகழ்ந்ததை அறிந்தவர் அதனைப் பிழை என்பர். அன்று கையில் இருந்த செய்திகளைக் கொண்டு எண்ணுவோர் அவ்வாறு எளிதில் கூறிவிட இயலாது.

அப்பயணம் நல்ல பயணமாக அமையவில்லை. அணித்தலைவர் விஜயநகரம் மகாராஜகுமாரர், ஆட்டத்திறத்தால் அன்றிச் செல்வாக்கால் அப்பதவியை எய்தியவர் என்பது வரலாற்றாசிரியர் பலர் கருத்து. அணியுள் கட்சிகள் தோன்றின. பேராற்றல் வாய்ந்த லாலா அமர்நாத், முதல் டெஸ்ட் ஆட்டத்திற்கு முன்பே ஒழுங்குக் குற்றம் சாட்டப்பெற்றுத் தாயகம் திருப்பி அனுப்பப்பட்டார். பந்து வீச்சிலோ முகமது நிசாரும் அமர்சிங்கும் புதுப்பந்தை ஏந்தினர். அவ்விருவரும் அந்நாளைய உலகின் சிறந்த விரைவு வீச்சாளர்களுள் வைத்து எண்ணத்தக்கவர். கேம்பிரிட்ஜில் பயின்றுகொண்டிருந்த ஜஹாங்கீர்கானும் உடன் இருந்தார். ஆகவே கோபாலனுக்கு டெஸ்ட் அணியில் இடம் கிட்டவில்லை. வேனில் முழுதும் காத்திருந்தார்.

அதே அணியில் சென்னையைச் சேர்ந்த மற்றொருவர் கோட்டா ராமசாமி. அவர் புச்சி பாபுவின் மைந்தர். இந்தியாவிற்காக டேவிஸ் கோப்பை டென்னிஸ் ஆடியவர். ஆகவே ஒரே அணியில் சென்னையர் இருவர், இருவரும் இரு விளையாட்டுகளில் நாட்டிற்காக ஆடியோர்! நாற்பது வயது நிரம்பிய ராமசாமிக்கு மான்செஸ்டரில் முதன்முறையாக டெஸ்ட் வாய்ப்பு வந்தது. 40 ஓட்டங்களும் 60 ஓட்டங்களும் எடுத்து அவர் அதனைப் பயன்படுத்திக்கொண்டார். அவ்வாட்டத்திலேயே விஜய் மெர்ச்சன்டும் முஷ்டாக் அலியும் தொடக்கத்தில் இணைந்து 203 ஓட்டங்கள் சேர்த்தனர். நாற்பது வயதினர்க்குத் திறந்த கதவு, இருபத்தேழு வயதினர்க்குத் திறக்கவில்லை. விளையாட்டில் முறை வரும் நாளை எவரும் அறிந்து வைத்திருப்பதில்லை போலும்.

ஆகஸ்டு 15-ஆம் நாள் வந்தது. அன்று இலண்டனில் ஓவல் திடலில் மூன்றாம் டெஸ்ட் ஆட்டம் தொடங்கிற்று. அவ்வாட்டத்தில் பாகா ஜிலானி என்பவர்க்கு முதன்முதலாக இடம் கிடைத்தது, கோபாலனுக்குக் கிடைக்கவில்லை. இங்கிலாந்தின் ஹாமண்ட் 217 ஓட்டங்கள் குவித்தார். இந்தியா ஒன்பது விக்கெட்டு வேறுபாட்டில் தோற்றது. அதே நாள் பெர்லினில் ஹாக்கி இறுதியாட்டம். முந்தைய நாள் நடைபெற வேண்டிய ஆட்டம், மழையினால் ஒரு நாள் தள்ளிவைக்கப்பட்டிருந்தது. போட்டிக்கு முன் நடந்த பயிற்சி ஆட்டத்தில் ஜெர்மனி இந்தியாவை 4-1 என வென்றிருந்தமையால், ஐயமும் இல்லாமல் இல்லை. முதற்பாதியில் இந்தியா ஒரு கோல் மட்டுமே அடித்தது. மறுபாதியில் தியான் சந்தும் அவர் தோழரும் ஈரத்தரையில் பந்தைப் பறக்கவிட்டனர். முடிவு இந்தியா 8, ஜெர்மனி 1. முந்தைய ஆண்டு கோபாலனுடன் கப்பலில் உடன் உண்டு உடன் ஆடியோர் சிலர், அன்று தங்கப் பதக்கம் அணிந்து நின்றனர். வட கடலுக்கு இப்பால், இலண்டன் மாநகரில், ஆடும் பதினொருவருள் ஒருவராகவும் இல்லாமல் கோபாலன் இருந்தார்.

அதே பெர்லின் பந்தயத்தில் 200 மீட்டர் ஓட்டத்தில் ஜெஸ்ஸி ஓவன்ஸுக்கு அடுத்து வந்து வெள்ளி பெற்றவர் மாக் ராபின்சன் என்னும் அமெரிக்கக் கருப்பின இளைஞர். அவர் தம்பி ஜாக்கி ராபின்சன், கல்லூரியில் கூடைப்பந்து, கால்பந்து, தடகளம், பேஸ்பால் என நான்கு விளையாட்டுகளிலும் சிறந்தவர். பேஸ்பால் ஆட்டத்தில் நான்கு தளங்கள் சாய்சதுரமாக அமைந்திருக்கும். ஒன்றிற்கும் மற்றொன்றிற்கும் இடையே 90 அடி. அத்தளங்களின் இடைவெளிகளைக் காப்போர் உட்களக் காவலர். மட்டையிலிருந்து சீறிவரும் பந்தைத் தரையோடு தரையாகப் பற்றி, திரும்பும் நேரத்திற்குள் எறிந்து, ஓடுவோனை வெளியேற்றுதல் அவர் தொழில். ராபின்சன் 1947-ஆம் ஆண்டு ஏப்ரல் 15-ஆம் நாள் புரூக்ளின் அணியின் உட்களக் காவலராக இறங்கினார். இருபதாம் நூற்றாண்டின் பெருங்குழு ஆட்டங்களில் கருப்பினத்தவர்க்கு இருந்த தடை அன்று உடைந்தது. முதலாண்டில் முதல் தளத்தையும், பின்னர் பெரும்பாலும் இரண்டாம் தளத்தையும் காத்து, 1956-ஆம் ஆண்டுப் பருவத்துடன் அவர் ஓய்வு பெற்றார். அவருக்குப் பேஸ்பால் ஊதியம் தரும் தொழில். பல திறம் படைத்தவர் ஒன்றைப் பற்றிக்கொள்ள அத்தொழிலே வழிகாட்டிற்று. கோபாலனுக்கு இரண்டு ஆட்டங்களுமே சோறு இடவில்லை. ஆகவே ஊதியத்தைத் துலாக்கோலாகக் கொண்டு ஒன்றைத் தேரும் எளிமையும் அவருக்கு வாய்க்கவில்லை. மரத்தடியில் அமர்ந்து உண்ட சென்னை இந்தியரும், தனி உணவகங்களுக்குத் துரத்தப்பட்ட அமெரிக்கக் கருப்பினத்தாரும் ஆடுகளத்திலேயே தம் சமன்மையை முதலில் நாட்டினர் என்பதும் எண்ணத்தக்கது.

இங்கிலாந்திலிருந்து மீண்ட கோபாலன் மட்டையையும் பந்தையும் எறிந்துவிடவில்லை. மேலும் பதினைந்து ஆண்டுகள் அளவிற்குச் சென்னைக்காக ஆடினார். அணிக்குத் தலைமையும் தாங்கினார். உலகப்போர் மூண்டு வெளிநாட்டுப் பயணங்கள் நின்றுபோயின. அவருடைய முதிர்ந்த ஆற்றல் அவ்வாண்டுகளில் உள்நாட்டுக் களங்களிலேயே செலவாயிற்று. 78 முதல்தர ஆட்டங்களில் 194 விக்கெட்டுகள் வீழ்த்தினார். விரைவு வீச்சாளர் நாற்பதை நெருங்கும் வயதில் புதுப்பந்தைக் கையில் வாங்குவது எளிதன்று. முழங்காலும் முதுகும் முறையிடும்; ஓடிவரும் தொலைவு குறையும். அப்போது வேகத்தின் இடத்தைப் பந்து விழும் இடத்தின் துல்லியம் நிரப்ப வேண்டும். அதனைக் கற்றவரே நீடித்து நிற்பர்.

ஆட்டத்திலிருந்து விலகியபின், 1950-களில் அவர் இந்திய அணியைத் தேரும் குழுவில் உறுப்பினரானார். ஓரிக்கையிலிருந்து அதே சாலையில் தெற்கே சென்றால் வரும் உத்திரமேரூரில், முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் உள்ளன. ஊர்ச்சபை உறுப்பினரைக் குடவோலையால் தேரும் முறையை அவை விரித்துரைக்கின்றன. முப்பத்தைந்து வயதுக்குக் குறைந்தவரும் எழுபதுக்கு மேற்பட்டவரும் ஆகார். கணக்குக் காட்டாதவர் ஆகார். அவர்தம் உறவினரும் ஆகார். தேர்வு என்பது எவ்வளவு நுட்பமானது என்பதை ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அறிந்து கல்லிற் பொறித்த மாவட்டத்தில் பிறந்தவர், ஒரு முறை தேர்வு பெற்றும் பலமுறை தேர்வு பெறாதும் இருந்து, இறுதியில் தேர்ந்தெடுக்கும் இருக்கையில் அமர்ந்தார். பெஞ்சியில் காத்திருப்பவனின் மனநிலையை அவ்விருக்கையில் அமர்ந்தோருள் அவரினும் நன்கு அறிந்தோர் சிலரே இருந்திருப்பர்.

அவர் கிரிக்கெட் வாழ்வின் இருபத்தைந்தாம் ஆண்டு நிறைவைச் சிறப்பிக்க, அவர் பெயரால் ஒரு கோப்பை ஏற்படுத்தப்பட்டது. 1952-53 முதல் சென்னை அணியும் இலங்கை அணியும் அக்கோப்பைக்காக ஆண்டுதோறும் மோதின. ஓராண்டு சென்னையிலும் மறு ஆண்டு கொழும்பிலுமாக வீரர்கள் சென்று வந்தனர். இலங்கை டெஸ்ட் உரிமை பெற்றுத் தன் முதல் டெஸ்ட் ஆட்டத்தை ஆடியது 1982-ஆம் ஆண்டிலேயே. அதற்கு முன்னர் முப்பதாண்டுக் காலம், வலிய அயலணியுடன் முறையாக மோதும் வாய்ப்பு அந்நாட்டு இளைஞர்க்கு மிக அரிது. அக்குறையைத் தீர்த்தவற்றுள் கோபாலன் கோப்பை ஒன்றாகும். வாழ்நாளிலேயே தம் பெயரால் ஒரு கோப்பை வழங்கப்படுவதைக் காணும் பேறு பெற்றோர் மிகச் சிலர்.

கோபாலன் நீண்ட ஆயுள் பெற்றார். வெள்ளையர் மாளிகைக்கு வெளியே இந்தியர் நின்ற சேப்பாக்கத்தைக் கண்ட கண்களே, அதே திடலில் பேரரங்கம் எழுந்து, மின்விளக்கொளியில் உலகக் கோப்பை ஆட்டம் நடந்ததையும் காணும் காலம்வரை வாழ்ந்தன. உயிருடன் இருந்த டெஸ்ட் வீரர்களுள் மிக மூத்தோர் வரிசையில் அவர் வைத்து எண்ணப்பட்டார். 2003-ஆம் ஆண்டு டிசம்பர் 21-ஆம் நாள் சென்னையில் அவர் இயற்கை எய்தினார். அது ரஞ்சிக் கோப்பை ஆட்டங்கள் நடைபெறும் பருவம். அவர் தொடங்கிவைத்த போட்டி அப்போது தன் எழுபதாவது ஆண்டில் நடந்துகொண்டிருந்தது.